அவளுடைய அம்மா பேசிய ஒன்பது நாள்

எங்கள் வீட்டு மாடியறையில் ஒன்றரை வருடம் ஒரு ருமேனியப் பெண் வாடகைக்கு இருந்தாள். படங்களுக்குத் திரைக்கதை எழுதுகிறவள். பத்திரமாக வைத்திருக்கச் சொல்லி அவள் என்னிடம் தந்த கையெழுத்துக் கொப்பியை நான் அழித்துவிட்டேன். இதை முதலில் சொல்லிவிட வேண்டும். மற்றதையெல்லாம் சொல்லி முடித்துவிட்டு ஆறுதலாகச் சொல்லலாம் என்று வைத்தால் நான் சொல்லமாட்டேன். என்னை எனக்குத் தெரியும்.

நான் பயந்த பிறவி. உள்ளூர்க் கவுன்சிலில் இருந்து கடிதம் வந்தால் உடனே உடைக்கமாட்டேன்; தேத்தண்ணி குடித்துவிட்டுத்தான் உடைப்பேன். பாஸ்போர்ட்டுகள் எல்லாம் ஒரு கைப்பையில், வாசல் சப்பாத்துத் தட்டுக்குப் பக்கத்தில் இருக்கின்றன. ஜெர்மனியில் எட்டு வருடம் அகதி முகாமிலும் சின்ன பிளாட்டிலும் இருந்தபோதும் அந்தப் பை அப்படித்தான் இருந்தது. லண்டனுக்கு வந்து, ரெய்னர்ஸ் லேனில் வீடு வாங்கி, மகள் படித்து வேலைக்கு மான்செஸ்டர் போன பிறகும் அப்படியே இருக்கிறது. என் மனுசன் பஸ் ஓட்டுகிறவர். அவர் அடிக்கடி சொல்வார்: "உமக்குப் பயப்பிட ஒண்டும் இல்லையெண்டா, ஏன் ஒண்டும் இல்லையெண்டு யோசிச்சுப் பயப்பிடுவீர்."

அவளை நான் பள்ளிக்கூடக் குசினியில்தான் கண்டேன். நான் அங்கே பன்னிரண்டு வருடமாகப் பிள்ளைகளுக்கு மத்தியானச் சாப்பாடு சமைத்துப் போடுகிறேன். அவளை ஏஜென்சி ஒன்று இரண்டு மாதத்துக்கு அனுப்பியிருந்தது. நாற்பது வயதிருக்கும். கரட் சீவுவதில் அவளைப்போல ஆறுதலான, அவசரமில்லாத ஆளை நான் கண்டதில்லை. அங்கே இன்னொரு தமிழ்ப் பிள்ளை என்னை அக்கா, அக்கா என்று கூப்பிடும். அதுதான் என் பெயர் என்று நினைத்து அவளும் அக்கா என்றாள். உண்மை தெரிந்த பிறகும் மாற்றவில்லை. இதற்கு முதல் என்ன வேலை என்று கேட்டேன். படம் என்றாள். நடிக்கிறவளாக்கும் என்று நினைத்தேன். இல்லை, மற்ற ஆட்கள் என்ன பேச வேண்டும் என்று எழுதுகிறவள் என்று விளக்கினாள். அதை வீட்டில் சொன்னபோது என் மனுசன், "அப்ப உமக்கும் ஒரு தாளில எழுதித் தரச் சொல்லும். கவுன்சில்காரர் போன் எடுக்கேக்கை வாசிக்கலாம்" என்றார்.

மகளின் அறை சும்மா கிடந்தது. வாடகைக்கு விடுவதா என்று ஆறு கிழமை, ஒன்றரை மாதம் கவலைப்பட்டேன். பிறகு விட்டேன்.

எங்கள் இரண்டு பேருடைய ஆங்கிலமும் வளர்ந்த பிறகு படித்த ஆங்கிலம். அதனால் ஒருவருக்கு ஒருவர் நன்றாக விளங்கியது. அவள் பேசியதை நான் இங்கே எங்கள் தமிழில்தான் எழுதுகிறேன். என் மனதில் அது அப்படித்தான் பதிந்திருக்கிறது.

ஞாயிற்றுக்கிழமை நான் சேர்ச்சில் காலைப் பூசைக்குப் போய்விட்டு வந்து சமைப்பேன். அவள் குசினிக் கதிரையில் காலைத் தூக்கி வைத்துக்கொண்டு இருப்பாள். அவள் எழுதிக்கொண்டிருந்தது தன் ஊரில் உள்ள ஒரு மாடிக் கட்டடத்தைப் பற்றிய படம். நாற்பது குடும்பம். பழைய ஆட்சியின் கடைசி வருடங்களில் தொடங்கி இன்றைக்கு வரைக்கும். அந்த நாளில் குளிருக்கு ஹீட்டர் இல்லை, கரண்ட் இல்லை, பாண் ரொட்டிக்கு வரிசை. வரிசையில் ஆள் நிற்க ஏலாவிட்டால் பையை வைத்து இடம் பிடிப்பார்களாம். நான் கையிலிருந்த அகப்பையை வைத்துவிட்டுச் சிரித்தேன். ஊரில் நாங்கள் மண்ணெண்ணெய் வரிசையில் கல் வைத்தோம். உன் கல் எது, என் கல் எது என்று சண்டையும் பிடித்தோம். தட்டச்சு மெசின் வைத்திருப்பவர்கள் வருடத்துக்கு ஒருதரம் அதைப் பொலிசுக்குக் கொண்டுபோய், ஒரு தாள் அடித்துக் கொடுத்துவிட்டு வர வேண்டுமாம். எவன் எதை எழுதினான் என்று எழுத்தை வைத்துப் பிடிப்பதற்கு. நான் எங்கள் வீட்டு ஆட்களின் பட்டியலை ஆமிக் காம்பில் பதிந்ததைச் சொன்னேன். தலையாட்டியைப் பற்றியும் சொன்னேன். சாக்கால் முகத்தை மூடி, கண்ணுக்கு இரண்டு ஓட்டை வைத்து, ஒரு மனிதனை இருத்தியிருப்பார்கள். ஊர் ஆண்கள் எல்லாரும் அவனுக்கு முன்னால் நடந்து போக வேண்டும். அவன் தலையாட்டினால் அந்த ஆள் போனதுதான். "எங்கட ஊரில சாக்கு இல்லை, அக்கா" என்றாள் அவள். "முகத்தோடதான் இருந்தவை. மேல் மாடியில இருந்தவை."

ஆட்சி விழ ஒரு கிழமை கூட எடுக்கவில்லையாம், சனம் மாறுவதற்குத்தான் முப்பது வருடமும் போதவில்லை என்று சொல்வாள். அயலவனைக் காட்டிக் கொடுத்தவன் பிறகு கார் கழுவும் கடை வைத்து முதல் பணக்காரன் ஆனானாம். எல்லாரும் அவனிடமே கார் கழுவினார்களாம். இளம் ஆட்கள் இத்தாலிக்கும் ஸ்பெயினுக்கும் இங்கேயும் வந்துவிட்டார்கள். இப்போது அந்தக் கட்டடத்தில் பாதி ஜன்னல் இருட்டு என்றாள்.

ஒருநாள் எனக்குச் சகோதரங்கள் யார் என்று கேட்டாள். ஒரு அண்ணை, சண்டைக்குள் இல்லாமல் போய்விட்டார் என்றேன். லண்டனில் இந்தப் பதிலோடு எல்லாரும் நிறுத்திவிடுவார்கள். அவள், எப்படி என்று கேட்டாள். நான் சோறு வடிக்கத் திரும்பினேன். அதற்குப் பிறகு அவள் கேட்கவில்லை. ஆனால் கேட்காமல் காத்திருக்கிற ஆள் என்று எனக்குத் தெரிந்தது. அதுவும் எனக்கு ஒரு கவலை.

அவளுடைய அம்மா அந்த ஊரில் ஒரு அரசாங்கக் கந்தோரில் தட்டச்சு செய்தவர். உளவு சொன்னவர்கள் கையால் எழுதிக் கொடுத்ததை மெசினில் அடித்துக் கொடுப்பது வேலை. தங்கள் கட்டடத்து ஆட்களைப் பற்றி வந்ததையும் அடித்தவர். சொந்தப் புருசனைப் பற்றி வந்ததையும் அடித்தவர். புருசன் வேலையை இழந்து, குடித்து, செத்துப்போனார். அம்மா அதைப் பற்றி முப்பது வருடம் ஒரு சொல் பேசியதில்லை. படத்தின் நடுவில் அந்த அம்மாதான் இருந்தார், ஆனால் அவருக்குப் பேச்சு எழுத இவளுக்கு ஏலவில்லை. என்ன சொல்லியிருப்பார் என்று ஊகித்து எழுதினால் அது பொய்யாகவே இருக்கிறது என்று தாளைத் தாளாகக் கிழித்தாள்.

போன இலையுதிர் காலத்தில் அந்த அம்மாவுக்கு நோய் கடுமையாகிவிட்டது என்று போன் வந்து இவள் ஓடினாள். சாகிறதற்கு முதல் ஒன்பது நாள் அந்த மனுசி பேசியிருக்கிறார். விடியத் தொடங்கினால் களைத்து நித்திரையாகும் வரைக்கும். ஆனால் ஒரு நிபந்தனை. ரெக்கோர்டர் வைக்கக்கூடாது, போன் வைக்கக்கூடாது. கையால் எழுது, நான் செத்து நாற்பதாம் நாள் முடியும் வரைக்கும் எந்த மெசினுக்குள்ளும் போடாதே என்று சத்தியம் வாங்கியிருக்கிறார். தன் வாழ்க்கை முழுக்க மெசினில் அடித்தவர், அவருக்கு மெசினில் நம்பிக்கை இல்லை. அவர்களுக்கு நாற்பதாம் நாள் பூசை பெரிது, எங்களுக்கு முப்பத்தோராம் நாள் போல. இவள் ஒன்பது நாளும் எழுதினாள். கறுப்பு மட்டைக் கொப்பி, கடைசித் தாள் வரைக்கும் நீல மை.

செத்தவீடு முடிந்து வந்தபோது மெலிந்து போயிருந்தாள். ஆனால் ஒரு வெளிச்சமும் இருந்தது. எல்லாம் கிடைத்துவிட்டது, அக்கா, இனி நான் ஒன்றும் கற்பனை செய்யத் தேவையில்லை என்றாள். கொப்பியைத் திறக்கவே இல்லை. நாற்பதாம் நாளுக்குத் திரும்ப ஊருக்குப் போய், பூசையை முடித்து, வந்து கொப்பியைத் திறந்து டைப் பண்ணுவதாக இருந்தாள்.

போகிற அன்றைக்கு அந்தக் கொப்பியையும், படங்கள், தாள்கள் கொஞ்சத்தையும் ஒரு பெட்டிக்குள் போட்டு என்னிடம் கொண்டுவந்தாள். "பிளேனில கொண்டுபோகப் பயமா இருக்கு, அக்கா. இதைத் திரும்ப அந்த ஊருக்குக் கொண்டுபோகவும் எனக்கு மனமில்லை. உங்களைப்போலக் கவனமான ஆளை நான் காணேல்லை. நாலு நாள் வைச்சிருங்கோ."

நான் அதை என் அலுமாரியில், சீலைகளுக்குக் கீழே வைத்தேன்.

இரண்டாம் நாள் செவ்வாய்க்கிழமை. பள்ளி விடுமுறை, நான் வீட்டில். காலை பத்து மணிபோலக் கதவு தட்டினார்கள். இரண்டு ஆண்கள், கழுத்தில் அட்டை, கையில் டேப்லட். அவளுடைய முழுப்பெயரைச் சொல்லி, இந்த ஆள் இங்கே இருக்கிறாரா என்று கேட்டார்கள். வீட்டில் எத்தனை பேர், மாடியறையைப் பார்க்க ஏலுமா என்றும் கேட்டார்கள். அவர்கள் தாங்கள் யார் என்று சொல்லியிருப்பார்கள். நிச்சயமாகச் சொல்லியிருப்பார்கள். எனக்கு அந்தப் பெயர் மட்டும்தான் கேட்டது. அவ இல்லை, எனக்குத் தெரியாது என்றேன். சரி, மூன்று மணிக்கு வருகிறோம் என்று போய்விட்டார்கள். மரியாதையாகத்தான் போனார்கள்.

மனுசனுக்குப் போன் எடுத்தேன். பஸ் ஓட்டும்போது போனை நிறுத்தி வைத்திருப்பார். அவளுக்கு எடுக்கவில்லை. அவர்கள் பெயர் சொல்லித் தேடுகிற ஆளுக்கு நான் போன் எடுத்தால் அது பதிவாகும் என்று யோசித்தேன். லண்டனில் இருந்துகொண்டு அப்படி யோசித்தேன். பிறகு அலுமாரியைத் திறந்து பெட்டியை எடுத்தேன்.

முதலில் படங்கள். டாங்கிக்கு மேலே ஆட்கள் ஏறி நிற்கிற படம். தடித்த எழுத்தில் பெயர்ப் பட்டியல் ஒன்று, பக்கத்தில் இலக்கங்கள். கொப்பியைப் பிரித்தால் நடுவில் ஒரு வீட்டின் வரைபடம், அறைக்கு அறை பெயர் எழுதி, ஒரு கதவுக்குக் கோடு கீறி. எனக்கு அந்த மொழியில் ஒரு சொல்லும் தெரியாது. தெரிய வேண்டியிருக்கவில்லை. பெயர்ப் பட்டியல் எந்த மொழியிலும் பெயர்ப் பட்டியல்தான்.

இதுவரை ஒருவருக்கும் சொல்லாத ஒன்றை இங்கே எழுதுகிறேன். எனக்குப் பதினான்கு வயது. பக்கத்து ஊரில் சுற்றிவளைப்பு என்று கேள்விப்பட்டதும் அம்மா அண்ணையின் தாள் எல்லாவற்றையும் எரிக்கச் சொன்னா. கடிதம், படம், நோட்டீஸ், ஒன்றும் விடாதே என்று. அடுப்படியில் நான்தான் இருந்து எரித்தேன். ஒரு கொப்பியை மட்டும் எரிக்கவில்லை. அதில் முன்பக்கம் மட்டும்தான் எழுதியிருந்தது, மிச்சம் முழுக்க வெள்ளை. அப்போது கடையில் கொப்பி கிடையாது. எனக்குக் கணக்குக்கு ஒன்று வேண்டியிருந்தது. முன்பக்கத்தில் இருந்தது அண்ணையின் பந்தடி டீம். பதினொரு பெயர். அதை என் புத்தகப் பைக்குள் வைத்தேன்.

விடிய ஆமி வந்தது. அலுமாரி பார்த்தார்கள், பெட்டி பார்த்தார்கள், கடைசியாக என் பை. அந்தப் பட்டியலை இயக்கப் பட்டியல் என்று சொல்லி அண்ணையைக் கூட்டிக்கொண்டு போனார்கள். அவர் திரும்பி வரவில்லை. அந்தக் கொப்பி எப்படி மிஞ்சியது, எப்படி என் பைக்குள் வந்தது என்று அம்மா என்னை ஒரு கேள்வியும் கேட்கவில்லை. நான் பள்ளிக்கூடத்துக்குப் போகமாட்டேன் என்றேன். அதற்கும் கேட்கவில்லை. ஏன் படிப்பை நிறுத்தினாய் என்று கேட்கிற எல்லாரிடமும், சண்டை என்று சொல்லியிருக்கிறேன். மனுசனுக்கும் அதுதான் சொன்னது.

அதனால் எனக்கு ஒரு பாடம் இருந்தது. தாள் இருக்கக்கூடாது. ஒன்றும் விடக்கூடாது. வெள்ளைத் தாள் மிச்சம் இருக்கிறதே என்றும் பார்க்கக்கூடாது.

முதலில் பட்டியலை சிங்கில் வைத்துக் கொளுத்தினேன். புகை அலாரம் அலறத் தொடங்கியது. தும்புத்தடியால் தட்டி நிறுத்திவிட்டு, வாளியில் சுடுதண்ணி நிறைத்தேன். தாள் தாளாகக் கிழித்துப் போட்டு ஊற வைத்தேன். படங்களைக் கத்தரிக்கோலால் சின்னச் சின்னதாக வெட்டினேன். கொப்பி கிழிக்கக் கஷ்டமாக இருந்தது, நல்ல தையல். ஒவ்வொரு தாளாக இழுத்து எடுத்தேன். ஒவ்வொரு தாளையும் கண்ணால் கண்டேன். தண்ணி உடுப்புக்கு நீலம் போட்ட தண்ணி போல ஆகிவிட்டது. முழங்கை வரைக்கும் விட்டு, இடியப்ப மா குழைக்கிறது போலக் குழைத்தேன். ஒரு எழுத்தும் தெரியாத பசையாகிவிட்டது. பிழிந்து, சாப்பாட்டுக் கழிவு வாளிக்குள் போட்டு, மேலே சோற்றையும் தேத்தண்ணிச் சக்கையையும் கொட்டினேன். மட்டையை வெட்டி நாலு பைகளில் பிரித்துப் போட்டேன். முடிய ஒரு மணி. காலையில் இருந்து அப்போதுதான் மூச்சு ஒழுங்காக வந்தது.

மூன்று மணிக்கு அவர்கள் வந்தார்கள். கவுன்சில்காரர். வாடகைக்கு ஆள் வைத்திருக்கிற வீடுகளில் பாதுகாப்புச் சரியாக இருக்கிறதா என்று தெருத் தெருவாகப் பார்த்து வருகிறார்களாம். மாடியறை ஜன்னலைத் திறந்து மூடினார்கள். புகை அலாரம் வேலை செய்கிறதா என்று கேட்டார்கள். காலையில்தான் அடித்தது என்றேன். அதில் ஒருவர் நல்லது என்று சொல்லி டேப்லட்டில் ஒரு தட்டுத் தட்டினார். தேத்தண்ணி வேண்டுமா என்று கேட்டேன். வேண்டாம் என்றார்கள். கதவைச் சாத்திய பிறகு நான் அந்த இடத்திலேயே, சப்பாத்துத் தட்டுக்குப் பக்கத்தில் நிலத்தில் இருந்துவிட்டேன்.

மனுசன் வேலையால் வந்து லைட் போட்டபோதும் நான் அங்கேதான் இருந்தேன். சொன்னேன். அவர் கத்துவார் என்று நினைத்தேன். அவர் வெளியே போய், கழிவு வாளியைத் திறந்து, கோழி எலும்பை எல்லாம் விலக்கி, அந்தப் பசையைக் கையில் எடுத்து லைட் வெளிச்சத்தில் பார்த்தார். திரும்பி வந்து கை கழுவினார். வெகுநேரம் கழுவினார்.

"இஞ்சரும்," என்றார், "அந்தப் பிள்ளையின்ர தாய் ரெண்டாந்தரமும் செத்துப்போச்சு."

அவர் கடுமையாகச் சொல்லவில்லை. மெதுவாகத்தான் சொன்னார். உடனே போன் எடுத்துச் சொல்ல வேண்டும் என்றும் சொன்னார். நான்தான் நாற்பதாம் நாள் பூசை முடியட்டும், அதையாவது நிம்மதியாகச் செய்யட்டும் என்றேன். புதன்கிழமை விடியக் கழிவு லொறி வந்து எடுத்துக்கொண்டு போனது.

அவள் வெள்ளிக்கிழமை வந்தாள். பூசையில் கொடுத்த இனிப்புக் கோதுமைப் பலகாரம் எங்களுக்கும் கொண்டுவந்திருந்தாள். அதைக் கோப்பையில் போட்டுத் தந்துவிட்டு, பெட்டியை எடுக்கட்டா, அக்கா, இன்றைக்கே தொடங்கப் போகிறேன் என்றாள். நான் வாயில் வைத்ததை விழுங்காமல் சொன்னேன். அவளுக்கு விளங்கவில்லை. திரும்பச் சொன்னேன். அவள் என் மனுசனைப் பார்த்தாள். அவர் நிலத்தைப் பார்த்தார். அவள் எழும்பி வெளியே போய், லொறி எடுத்துப்போன வெறும் வாளியைத் திறந்து பார்த்தாள். பிறகு வந்து மாடிப்படியில் இருந்தாள்.

ஏன் என்று கேட்டாள். பயம் என்றேன்.

அழுவாள், ஏசுவாள் என்று நான் பார்த்துக்கொண்டு நின்றேன். ஏசினால் நன்றாக இருந்திருக்கும். அவள் சொன்னது இதுதான்: "நான் அம்மா சொன்னதைக் கேக்கேல்லை, அக்கா. எழுதிக்கொண்டிருந்தனான். ஒரு சொல்லும் விடக்கூடாதெண்டு எழுதிக்கொண்டே இருந்தனான். பிறகு வாசிக்கலாம்தானே எண்டு. ஒன்பது நாளும் நான் அம்மாவின்ர முகத்தையே பார்க்கேல்லை."

என்ன நடந்தது என்று மேலோட்டமாக அவளுக்குத் தெரியும். அம்மா ஒருதரம் ஒரு வரியை வேண்டுமென்று விட்டுவிட்டு அடித்து, ஒரு குடும்பத்தைக் காப்பாற்றியிருக்கிறார். இன்னொருதரம் விடவில்லை. அதை எப்படிச் சொன்னார், எந்தச் சொல்லில் நிறுத்தினார், அதெல்லாம் கொப்பியில் இருந்தது.

அடுத்த மூன்று பின்னேரம் என்னைக் குசினி மேசையில் இருத்தி வைத்துக் கேட்டாள். ஒவ்வொரு தாளையும் பார்த்திருக்கிறீர்கள், மொழி விளங்காவிட்டாலும் பரவாயில்லை, கண்ணால் கண்டதைச் சொல்லுங்கோ என்றாள். எங்கே கோடு அடித்திருந்தது, எங்கே இடம் விட்டிருந்தது. நான் முயன்றேன். இரண்டு தரம் கோடு அடித்த சொல் ஒன்று இருந்தது என்றேன். அவள் ஒரு சொல்லை எழுதிக் காட்டினாள். இதுவா? ஓம் என்றேன். இன்னொன்று எழுதினாள். இதுவும் இருந்ததா? ஓம். அவளுடைய முகம் மலர மலர நான் ஓம், ஓம் என்றேன். எனக்கு அவளுக்கு ஏதாவது கொடுக்க வேண்டும் போல இருந்தது. ஆறாவது சொல்லுக்கும் ஓம் என்றபோது அவள் பேனையை வைத்துவிட்டாள்.

"இந்தச் சொல் கொப்பியில இருக்கேல்லை, அக்கா. நான் சும்மா எழுதிப் பாத்தனான்." தாளை மடித்துக்கொண்டு சொன்னாள்: "அம்மா அடிச்ச வாக்குமூலங்களும் இப்பிடித்தான் வந்திருக்கும்."

கடைசி நாள் அந்த வீட்டு வரைபடத்தையாவது கீறச் சொன்னாள். அது எனக்கு நன்றாக நினைவிருக்கிறது என்றேன். உண்மையாகவே நினைவிருந்தது. வாசல், முன்னறை, பக்கத்து அறை, அடுப்படி, எல்லாம் கீறினேன். பின்னால் ஒரு வட்டம் போட்டேன். இது என்ன என்று கேட்டாள். கிணறு என்றேன்.

"நாங்கள் நாலாம் மாடியில இருந்தனாங்கள்" என்றாள் அவள்.

இரண்டு பேரும் அந்தத் தாளைப் பார்த்துக்கொண்டு இருந்தோம். இது யாருடைய வீடு என்று கேட்டாள். அப்போது நான் சொல்லியிருக்கலாம். அவள் அண்ணையைப் பற்றிய கேள்வியை ஒன்றரை வருடமாக வைத்துக்கொண்டு காத்திருந்தவள். எனக்குத் தெரியாது என்றேன். தாளை என் பக்கம் இழுத்துக் கசக்கினேன். அவள் என் கையைப் பார்த்தாள்.

மூன்று கிழமையில் லூயிஷாமில் ஒரு சிநேகிதியின் பிளாட்டுக்குப் போய்விட்டாள். கோபித்துக்கொண்டு போனாள் என்று சொல்ல மாட்டேன். இந்த வீட்டில் இருந்து எழுத ஏலாது என்றாள், அவ்வளவுதான். மனுசன் பெட்டிகளைக் காரில் கொண்டுபோய் இறக்கிவிட்டு வந்தார். நான் போகவில்லை.

பாவசங்கீர்த்தனத்துக்குப் போனேன். முழுவதையும் கேட்டுவிட்டு, நீங்கள் கெட்ட எண்ணத்தோடு செய்யவில்லை, இது பாவம் இல்லை என்றார் பாதர். நல்ல மனுசன், எனக்கு ஆறுதலாக இருக்கட்டும் என்றுதான் சொன்னார். பாவம் இல்லாவிட்டால் மன்னிப்பும் இல்லை என்று பஸ் தரிப்பில் நிற்கும்போதுதான் எனக்கு விளங்கியது. பாதருக்கும் நான் அவளுடைய கொப்பிக் கதையைத்தான் சொன்னேன். பதினான்கு வயதுக் கதையைச் சொல்லவில்லை.

இந்த வருடம் வைகாசியில் அவளிடமிருந்து ஒரு செய்தி வந்தது. திரைக்கதையை நடிகர்கள் வாசிக்கப் போகிறார்கள், அப்டன் பார்க்கில் ஒரு மண்டபத்தில், ஞாயிறு பின்னேரம், அண்ணையையும் கூட்டிக்கொண்டு வாருங்கோ என்று; என் மனுசனை அவள் அண்ணை என்றுதான் கூப்பிடுவாள். போகாமல் விட எட்டுக் காரணம் யோசித்தேன். மனுசன் இரண்டு பேருக்கும் உடுப்பு எடுத்து வைத்துவிட்டார்.

பிடவைக் கடைகளுக்குப் பின்னால் சின்ன மண்டபம். ஐம்பது பேர் வரையில் இருந்தார்கள். நாங்கள் கடைசி வரிசையில் இருந்தோம். மேடை இல்லை. ஆறு நடிகர்கள் கதிரைகளில் இருந்து தாளைப் பார்த்து வாசித்தார்கள். வரிசை வந்தது. பையை வைத்து இடம் பிடித்தது வந்தது. கார் கழுவுகிறவன் வந்தான், எல்லாரும் சிரித்தார்கள். அம்மாவாக வந்த நடிகையின் கையில் தாள் இல்லை. அவர் நடுவில் ஒரு மேசைக்கு முன்னால் இருந்து, மெசின் இல்லாமல், விரல்களால் மேசையில் தட்டிக்கொண்டிருந்தார். புருசன் கேட்கிறான், தட்டுகிறார். மகள் கேட்கிறாள், தட்டுகிறார். ஒன்றரை மணித்தியாலம் ஒரு சொல் பேசவில்லை. கடைசியில் விரலும் நின்றது.

ஆட்கள் எழும்பி நின்று கைதட்டினார்கள். பிறகு கேள்வி நேரம். முன்னால் இருந்த ஒரு பெரியவர், அந்தத் தாயைப் பேசாமல் விட்டது எவ்வளவு துணிச்சலான முடிவு, ஒரு நாட்டின் மௌனத்தையே அதில் கேட்டேன் என்றார். இன்னொரு பிள்ளை, பெண்களுடைய சொல்லை வரலாறு பதிந்து வைக்காததைத்தான் அப்படிக் காட்டினீர்களா என்று கேட்டாள்.

அவள் மைக்கை வாங்கினாள். எங்கள் பக்கம் பார்ப்பாள் என்று நான் தலையைக் குனிந்தேன். அவள் பார்க்கவில்லை.

"அம்மா பேசினவ" என்றாள். "ஒன்பது நாள் பேசினவ. நான்தான் பத்திரமா வைச்சிருக்கேல்லை."

ஒரு ஆள் எழும்பி, இல்லை, அது நான் என்று சொல்ல அவ்வளவு நேரம் இருந்தது. அடுத்த கேள்விக்கு மைக் வரிசை வரிசையாகப் பின்னால் வந்தது. என் கைக்கும் வந்தது. நான் அதைப் பக்கத்தில் இருந்தவரிடம் கொடுத்துவிட்டேன்.

வெளியே வரும்போது அவள் ஓடிவந்து என்னைக் கட்டிப்பிடித்தாள். அண்ணை, பஸ் எப்படி ஓடுகிறது என்று மனுசனிடம் கேட்டாள். மெலிந்திருந்தாள். நான் உன்னோடு கொஞ்சம் பேச வேண்டும் என்றேன். அந்த நேரம் இரண்டு பேர் வந்து அவளை யாரோ பெரிய ஆளுக்கு அறிமுகப்படுத்தக் கூட்டிக்கொண்டு போய்விட்டார்கள். திரும்பிப் பார்த்து, போன் எடுங்கோ என்று கையால் காட்டினாள். நான் இன்னும் எடுக்கவில்லை.

ரயிலில் மனுசன், கதை விளங்கியதா என்று கேட்டார். ஓம் என்றேன். லிவர்பூல் ஸ்ட்ரீட்டில் மாறி ஏறினோம். பெட்டியில் ஆட்கள் குறைந்து இருக்கை கிடைத்த பிறகு, "இஞ்சருங்கோ, என்ர அண்ணையின்ர கொப்பி ஒண்டு இருந்தது" என்று தொடங்கினேன். இருபத்தாறு வருடம் கட்டி வாழ்ந்த மனிதரிடம், ஜன்னலைப் பார்த்துக்கொண்டு சொன்னேன். அடுப்படி, கணக்கு, புத்தகப் பை. ரெய்னர்ஸ் லேன் வந்தது, கதவு திறந்தது, மூடியது. இரண்டு பேரும் எழும்பவில்லை.

ஈஸ்ட்கோட்டில் இறங்கித் திரும்புகிற ரயிலுக்கு நின்றோம். வெயில் இன்னும் இருந்தது. அவர் பிளாட்பார வாங்கில் உட்கார்ந்து தன் கையைப் பார்த்துக்கொண்டிருந்தார். நான் அவர் என்ன சொல்லப்போகிறார் என்று காத்து நின்றேன். நீர் சின்னப்பிள்ளைதானே என்று சொல்லுவார் என்று நினைத்தேன். அப்படிச் சொல்லிவிடக் கூடாது என்றும் நினைத்தேன்.

"அந்தப் பட்டியலில பதினொரு பேரெல்லே," என்றார். "மற்றப் பத்துப் பேருக்கும் என்ன நடந்தது?"

இத்தனை வருடத்தில் அந்தக் கேள்வியை நான் ஒருதரமும் கேட்டதில்லை. எனக்கு அண்ணை ஒருவர்தான் அந்தத் தாளில் இருந்தார். சிலர் வந்தார்கள், சிலர் வரவில்லை என்றேன். எனக்குத் தெரிந்தது அவ்வளவுதான். அவர் பெயர்களைச் சொல்லச் சொன்னார்.

சொல்லத் தொடங்கினேன். கோல் காப்பாளனில் இருந்து, அண்ணையைத் தவிர்த்து, தாளில் எழுதியிருந்த ஒழுங்கில். ஒவ்வொரு பெயருக்கும் அவர் ஒரு விரலை மடித்தார். ஒன்பது பெயர் வந்தது. பத்தாவது வரவில்லை. கண்ணை மூடி அந்தத் தாளைப் பார்த்தேன், எழுத்தின் சரிவு தெரிந்தது, பெயர் தெரியவில்லை. ரயில் வந்து நின்றது. அவர் மடிக்காத விரலோடு இருந்தார். அடுத்ததில் போவோம் என்றார்.